ஏழரைத் தட்டு

காது கேட்கும் கருவி விற்கும் கடைக்கு போன் செய்கிறவர்களில் பாதிப்பேர் கத்துவார்கள். தனக்குக் கேட்காவிட்டால் எதிராளிக்கும் கேட்காது என்று ஒரு நம்பிக்கை. அதனால் செவ்வாய்க்கிழமை காலை ஒருவர் நிதானமான குரலில் பேசியதுமே அக்கா நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"அக்கா, பேக்கரி பேசறேன்."

பேக்கரி ரொட்டி விற்கிறவர் இல்லை. பழைய ஒலிநாடாக்களைச் சுட்டு மீட்கிறவர். முப்பது நாற்பது வருடம் பெட்டிக்குள் கிடந்த நாடா ஈரம் குடித்துப் பிசுபிசுத்துவிடும். அப்படியே ஓட்டினால் பூச்சு உரிந்து, பாட்டு பொடிப்பொடியாகக் கீழே கொட்டும். இளஞ்சூட்டில் ஒரு பகல் முழுக்க வைத்து எடுத்தால் சில வாரங்களுக்கு அதற்கு உயிர் வரும். அதற்குள் பிரதி எடுத்துவிட வேண்டும். இந்த வேலையைச் செய்கிறவருக்கு வேறு என்ன பட்டப்பெயர் வைப்பது?

"புதுப் பதிப்புக்கு வந்த 'இரும்புப் பசி' கேசட்டோட ரீல் பதமா வெந்துடுச்சுக்கா. ஆனா பசை காஞ்சு ஒட்டெல்லாம் பிரிஞ்சுக்குது. எல்லாத்தையும் மறுபடி ஒட்டிட்டேன். 'கொதிகலன்' பாட்டுல மட்டும் ஒரு சந்தேகம்."

"என்ன?"

"பெட்டி மூடிக்குள்ள ஒரு குட்டித் துண்டு ஒட்டி வெச்சிருக்கு. உங்க கையெழுத்துதான். அந்த ஒட்டுலேர்ந்து விழுந்ததுதானே? அதையும் உள்ள சேர்த்துடட்டுமா?"

அக்காவுக்கு வயது அறுபத்து மூன்று. இந்தக் கேள்வி எந்த நாளும் வரலாம் என்று முப்பத்து நாலு வருடமாகத் தெரியும்.

"தொடாத. வியாழக்கிழமை நான் வர்றேன்."

"நல்லதாப் போச்சு. அதுல டிரம் வாசிச்ச சின்னவரும் வியாழக்கிழமைதான் கேக்க வர்றார்."

நல்லதாப் போச்சாம்! அக்கா போனை வைத்துவிட்டு, அந்த வாரப் பட்டியலைப் பார்த்தாள். மறுநாள் புதன்கிழமை பதினோரு மணிக்கு, ஆறு மாதத்துக்கு ஒருமுறை நடக்கும் காதுப் பரிசோதனைக்கு, அதே சின்னவனின் பெயர் இருந்தது. விதி என்றெல்லாம் அக்கா சொல்ல மாட்டாள். ஆனால் ஓட இடமில்லை என்பது புரிந்தது.

அந்தக் காலத்தில் அவளுக்கு பிளேடு அக்கா என்று பெயர். பேசியே கழுத்தை அறுக்கிறவர்களுக்குத்தான் உலகம் அந்தப் பட்டத்தைக் கொடுக்கும். அக்காவோ ஒரு கேள்வி கேட்டால் அரைப் பதில் சொல்கிற ரகம். அவளுடைய பிளேடு வாயில் இல்லை, கையில் இருந்தது. நாடாவைச் சவர பிளேடால் சாய்வாக வெட்டி, இரண்டு நுனிகளையும் சேர்த்து ஒட்டி ஓட்டிக் காட்டினால், எங்கே ஒட்டியது என்று எந்தக் கொம்பனுக்கும் தெரியாது. "அக்கா கை தப்பாது" என்று அந்த ஒலிப்பதிவுக் கூடத்தில் ஒரு வாசகமே உண்டு.

கூடம் என்றால் பெரிதாக நினைத்துவிட வேண்டாம். சோப்பு விளம்பரமும், அயல்மொழி கற்றுக்கொடுக்கும் கேசட்டும் பதிவு செய்த இடம். அங்கே ஒலித்ததிலேயே நீளமான பாட்டு அரை நிமிடம். அந்த இடத்தில்தான், முதலாளி வெளியூர் போன ஒன்பது நாட்களில், நான்கு பையன்கள் மூட்டை முடிச்சோடும் டிரம்களோடும் வந்து இறங்கினார்கள். அண்ணன் தம்பி இருவர். பெரியவன் கிட்டார் வாசித்துப் பாடுவான், சின்னவன் டிரம். கூட இரண்டு நண்பர்கள், நெட்டையும் குட்டையும். தங்கள் இசைக்குத் திராஷ் மெட்டல் என்று பெயர் சொன்னார்கள். அக்கா அந்தச் சொல்லையே அன்றுதான் கேட்டாள்.

முதல் நாள் சின்னவன் அடிக்க ஆரம்பித்ததும் ஒலிமானியின் முள் வலதுபக்கச் சுவரில் போய் மோதி நின்றது. ஏதோ அறுந்துவிட்டது என்று அக்கா மின்சாரத்தை அணைக்க எழுந்தாள். ஒன்றும் அறுந்திருக்கவில்லை. அவர்கள் வாசிப்பதே அப்படித்தான். நாலாவது நிமிடம்தான் இன்னொன்று உறைத்தது: அத்தனை வேகத்திலும் ஒரு அடி கூடப் பிசகவில்லை. இருபது வயதுப் பையன், ஒல்லிக் கை, ஒவ்வொரு அடியும் எண்ணி வைத்தாற்போல விழுந்தது. அதன்மேல் பெரியவனின் கிட்டார் ரம்பம் மாதிரி அறுத்துக்கொண்டே போனது. அக்கா தன் வாழ்நாளில் அவ்வளவு கோபத்தையும் அவ்வளவு ஒழுங்கையும் ஒரே இடத்தில் பார்த்ததில்லை. அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போகும் வழியில் அவளுக்குக் காரணமே இல்லாமல் சிரிப்பு வந்தது.

அண்ணன் தம்பியின் அப்பா ஒரு சாயப்பட்டறையில் கொதிகலன் பார்த்தவர். அதன் அழுத்தமானியில் எட்டுக்கு நேரே சிவப்புக் கோடு. முள் எட்டைத் தொட்டால் வெடிக்கும் என்று சொல்லிச் சொல்லியே பிள்ளைகளை வளர்த்தார். அதைத்தான் பெரியவன் பாட்டாக்கினான். எட்டுத் தட்டு ஒரு சுற்று. ஒவ்வொரு தட்டிலும் காலால் மிதிக்கும் பெரிய டிரம் 'தும்' என்னும், கைக்குச்சி 'டக்' என்னும். தும்டக், தும்டக் என்று சுற்றுச் சுற்றாக ஏறி, கிட்டார் அலறி முடித்து, எட்டாவது தட்டு முடிந்ததும் எல்லாம் ஒன்றாக வெடிக்க வேண்டும்.

எட்டாம் நாள் அந்தப் பாட்டைப் பதின்மூன்று தடவை வாசித்தார்கள், நாலு பேரும் ஒரே அறையில் சேர்ந்து. மூன்றாவது தடவையிலேயே சின்னவனின் உள்ளங்கை கிழிந்துவிட்டது. பிளாஸ்திரி சுற்றி, அதன்மேல் துணி சுற்றி அடித்தான். பதின்மூன்று முடிந்ததும் குச்சியை விரல்களிலிருந்து நெட்டைதான் பிரித்து எடுத்தான். இனி ஒரு தடவை முடியாது. நாலாவது தடவையில் முதல் பாதி பிரமாதம், பதினோராவதில் பின்பாதி பிரமாதம். "வெட்டி ஒட்டிடலாம்" என்றாள் அக்கா. பையன்கள் நடைவழியிலேயே விழுந்து தூங்கினார்கள்.

மறுநாள் காலை எட்டு மணிக்கு அக்கா பிளேடை எடுத்தாள். வெட்டும் இடத்தைக் கண்டுபிடிக்க ரீலைக் கையால் முன்னும் பின்னும் மெதுவாக அசைத்துக் கேட்க வேண்டும். அடி விழும் இடத்தில் மஞ்சள் மெழுகுப் பென்சிலால் கோடு. சோப்பு விளம்பரத்தில் இது கண்ணை மூடிக்கொண்டு செய்கிற வேலை. இந்தப் பாட்டிலோ அடிகள் நெருக்கியடித்து நின்றன. மெதுவாக இழுத்தால் தும்மும் டக்கும் ஒரே மாதிரி முனகின. அடுத்த சுற்றின் தும் என்று நினைத்து எட்டாவது தட்டின் டக்கில் கோடு போட்டாள். வெட்டினாள். ஒட்டினாள். ஓட்டினாள்.

மாடிப்படியில் இன்னொரு படி இருக்கிறது என்று காலை வைக்க, படி இல்லாமல் போனால் வயிற்றுக்குள் ஒன்று சரியுமே, அப்படி இருந்தது. அரை தட்டு குறைந்துவிட்டது. எட்டு வர வேண்டிய இடத்தில் ஏழரையிலேயே வெடித்துவிட்டது.

தப்பு என்று தெரிந்த உடனேயே, கீழே கிடந்த மீதி நாடாவிலிருந்து அந்த டக் இருந்த துண்டைக் கை நறுக்கி எடுத்துவிட்டது. சுட்டுவிரல் நீளம் கூட இல்லாத துண்டு. எடுத்த கை பாதியில் நின்றது. முன்னங்கையில் மயிர் அத்தனையும் நட்டுக்கொண்டு நின்றதை அக்கா பார்த்தாள். இன்னொரு தடவை ஓட்டினாள். மறுபடி. நாலாவது தடவையும், வருகிறது என்று தெரிந்தே, வயிறு சரிந்தது. துண்டை உள்ளே வைத்தால் சரியாகிவிடும். சரியாகிவிட்டால் இது போய்விடும்.

பத்து மணிக்கு கேசட் கம்பெனியின் வண்டி வந்துவிட்டது. பையன்கள் பத்தடி தூரத்தில் தூங்கிக்கொண்டிருந்தார்கள். எழுப்பிக் கேட்டிருக்கலாம். கேட்டால், சேர்த்து ஒட்டச் சொல்வார்கள் என்று அவளுக்குத் தெரியும். துண்டைப் பெட்டி மூடியின் உள்பக்கம் ஒட்டி, 'கொதிகலன். எறியாதே' என்று எழுதி, மூடி, கொடுத்தனுப்பிவிட்டாள். இந்தக் கதையில் அக்கா செய்த தப்பு வெட்டியது இல்லை. எழுப்பாததுதான்.

கேசட்டுகள் அச்சாகி வந்த அன்று கூடத்து வாசலில் வைத்தே போட்டுக் கேட்டார்கள். முதலாளியும் ஊரிலிருந்து திரும்பி, கையைக் கட்டிக்கொண்டு நின்றார். 'கொதிகலன்' அந்த இடத்துக்கு வந்ததும் பெரியவன் துள்ளினான்.

"டேய்! எட்டு எங்கடா? ஏழரைதான் இருக்கு! நம்ம பாட்டுல ஏழரையக் கூட்டிட்டியேடா பாவி!"

"ஒட்டுல ஏதாவது போயிருக்குமோ?" என்றான் நெட்டை.

"அக்கா கை தப்புமா? இவன்தான். கை கிழிஞ்சு போய் கோட்டை விட்டிருக்கான்."

அக்கா வாயைத் திறந்தாள். ஒலிப்பதிவு மேஜையில் ஒரு பெண்ணை உட்கார வைத்ததற்கே ஊரெல்லாம் முதலாளியைக் கேலி செய்துகொண்டிருந்த காலம். ஒரு தப்பு, மறுநாள் வேறு ஆள் என்று அவள் வேலைக்குச் சேர்ந்த அன்றே அவர் சொல்லியிருந்தார். அதற்குள் சின்னவன் தன் கைக்கட்டைப் பார்த்துக்கொண்டே, "இருக்கும்ணா. கடைசில கை மரத்துப் போச்சு. என்ன அடிச்சேன்னே தெரியல" என்றான். அக்கா வாயை மூடிக்கொண்டாள்.

அந்தப் பாட்டை மேடையில் எட்டாகவே வாசிப்பது என்று முடிவு செய்தார்கள். அதை மாற்றியவர் அப்பா. கேசட்டைக் கேட்டு முடித்து, தலையை ஆட்டி, "சரியாத்தான் இருக்கு. பாய்லர் என்ன, சொல்லிட்டா வெடிக்கும்?" என்றார். அதற்குமேல் யார் என்ன பேசுவது? நாலு பேரும் உட்கார்ந்து ஏழரையை மனப்பாடம் செய்தார்கள்.

பிறகு நடந்ததை அந்த வாசலில் நின்ற யாரும் கனவு கண்டிருக்க முடியாது. மூன்றாவது கச்சேரியில் கூட்டம் அந்த இடத்தில் சொல்லிவைத்தாற்போல ஒன்றாகத் தடுமாறிக் குதித்தது. ஒரு பேட்டியில் பெரியவன் ஏழரை என்று வாய்தவறிச் சொல்ல, அதுவே அதன் பெயரானது. பிரதிக்குப் பிரதி எடுத்த கேசட்டுகள் கடல் தாண்டின. "எப்படி எண்ணுகிறீர்கள்?" என்று எங்கெங்கிருந்தோ டிரம்காரர்கள் கடிதம் எழுதினார்கள். அவர்களிடம் கற்ற பிள்ளைகள் புதுக் குழுக்கள் ஆரம்பித்தார்கள். வெடிக்கும் இடத்துக்கு அரை தட்டு முன்னாலேயே வெடிப்பது ஒரு பாணியே ஆகிவிட்டது. பயிற்சிப் புத்தகங்களில் ஏழரைக்கு ஒரு பாடம் உண்டு. ஒரு பேராசிரியர், அழுத்தமானியின் முள் எட்டைத் தொடும்முன் வெடிப்பதுதான் உழைப்பாளியின் அவநம்பிக்கை என்று படம் போட்டு நாற்பது பக்கம் எழுதினார். அக்கா அதை இரண்டு தடவை படித்தாள். தன் பிளேடுக்கு இவ்வளவு படிப்பு இருக்கும் என்று அவளுக்குத் தெரியாது.

அக்காவின் கடைக்கு எதிரே ஒரு மோட்டார் கொட்டகையில் நான்கு பெண்கள் ஞாயிறுதோறும் வாசிப்பார்கள். இரும்புப் பசி வந்தபோது அவர்களின் அம்மாக்களுக்கே கல்யாணம் ஆகியிருக்காது. அந்த இடம் வரும்போது அக்கா கையில் இருக்கிற வேலையை நிறுத்திவிடுவாள். அவர்கள் ஒருநாளும் தவறியதில்லை. தவறுவதைத் தவறாமல் செய்தார்கள். அக்காவுக்குப் பெருமையாக இருக்கும். அடுத்த நிமிடமே சின்னவன் ஞாபகம் வந்து அந்தப் பெருமை கசந்துவிடும்.

ஏனென்றால் பெரியவனுக்கு ஒரு ஜோக் கிடைத்துவிட்டது. எந்த மேடை, எந்தப் பேட்டி என்றாலும் அதைச் சொல்வான். "என் தம்பிக்கு எட்டு வரைக்கும் எண்ணத் தெரியாது. அவன் விழுந்தான், நாங்க மூணு பேரும் தாங்கிப் பிடிச்சோம். அந்த மேதைமைதான் ஏழரை." கூட்டம் சிரிக்கும். சின்னவனும் சிரிப்பான். ஆனால் ஒவ்வொரு கச்சேரிக்கு முன்னும் குளியலறைக் கதவைத் தாழிட்டுக்கொண்டு ஒன்று முதல் எட்டு வரை தொடையில் தட்டிக்கொண்டிருப்பான் என்று நெட்டை ஒருமுறை அக்காவிடம் சொன்னான். பன்னிரண்டாவது வருடம் சின்னவன் குழுவை விட்டே போய்விட்டான். சண்டை ஒன்றும் இல்லை. "எண்ணி எண்ணி அலுத்துப் போச்சு" என்றானாம். அப்பா இறந்ததற்குப் பிறகு அண்ணனும் தம்பியும் பேசிக்கொள்வது நின்றே போனது.

இப்போது அவன் டிரைவிங் ஸ்கூல் நடத்துகிறான். பைக் லைசென்ஸுக்கு வருகிறவர்களை மைதானத்தில் எட்டுப் போட வைக்கிறான். காலையிலிருந்து சாயங்காலம் வரை, "எட்டு போடு, கால ஊனாத, எட்டு!" என்று கத்துவதுதான் வேலை. விதிக்கு இப்படியும் ஒரு குசும்பு.

புதன்கிழமை பதினோரு மணிக்குச் சரியாக வந்தான். ஐம்பத்து நாலு வயது, முன்மண்டை வழுக்கை, இன்னும் அதே ஒல்லிக் கை. சத்தம் புகாத கண்ணாடி அறைக்குள் போய் ஹெட்போனை மாட்டிக்கொண்டான். சத்தம் கேட்டால் விரலைத் தூக்க வேண்டும். அக்கா வெளியே மேஜையில் உட்கார்ந்து ஒவ்வொரு ஒலியாக அனுப்பினாள். இடது காதில் உச்ச ஒலிகள் எல்லாம் போய்விட்டிருந்தன. வலது காது பரவாயில்லை. நடுவில் கண்ணாடி, அந்தப் பக்கம் அவன், இந்தப் பக்கம் மைக்கோடு அவள். முப்பத்து நாலு வருடத்துக்கு முன்பும் இப்படித்தான் உட்கார்ந்திருந்தார்கள்.

அக்கா ஒலியை நிறுத்திவிட்டு, பேசும் பொத்தானை அழுத்தினாள்.

"சின்னவனே, கேக்குதா?"

அவன் விரலைத் தூக்கினான்.

"கொதிகலன்ல அந்த அரை தட்ட நீ விடல. நீ எட்டும் அடிச்ச. ஒட்டும்போது நான்தான் தப்பா வெட்டிட்டேன். அன்னைக்கே எனக்குத் தெரியும்."

அவன் முகத்தில் ஒன்றும் மாறவில்லை. கேட்கவில்லையோ என்று அக்கா ஒலியைக் கூட்டி, மறுபடி முதலிலிருந்து சொன்னாள். தன் வாழ்நாளில் ஒரே விஷயத்தை அவள் இரண்டு தடவை சொன்னது அன்றுதான். அப்புறம்தான் கவனித்தாள்: தூக்கிய விரலை அவன் இறக்கவே இல்லை.

ஹெட்போனைக் கழற்றிக் கொக்கியில் ஒழுங்காக மாட்டிவிட்டு வெளியே வந்தான்.

"அண்ணனுக்குத் தெரியுமா?"

"யாருக்கும் தெரியாது. மன்னிச்சுடுன்னு கேக்கறதுக்கே எனக்கு வெக்கமா இருக்கு."

"பத்தாவது வருஷ விழாவுல அவன் அந்த ஜோக்கச் சொன்னான். நீங்க முதல் வரிசையில உக்காந்திருந்தீங்க. சிரிச்சீங்கக்கா."

"சிரிச்சேன்."

"அது ஞாபகம் இருக்கு எனக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டு, பரிசோதனைத் தாளைக்கூட வாங்காமல் போய்விட்டான்.

வியாழக்கிழமை அக்கா பேக்கரியின் அறைக்குப் பத்து மணிக்கே போய்விட்டாள். பழம் உலர்த்தும் பெட்டிதான் அவருடைய அடுப்பு. அதிலிருந்து வெதுவெதுப்பாக ஒரு ரசாயன வாசனை வந்துகொண்டிருந்தது. பத்தரை ஆனது. சின்னவன் வரமாட்டான் என்று முடிவு செய்து அவள் எழுந்தபோது கதவு திறந்தது. அவள் முகத்தைப் பார்க்காமல், "அந்தத் துண்டு எங்க?" என்றான்.

பேக்கரி பெட்டி மூடியைக் காட்டினார். மஞ்சள் கோடு மங்கியிருந்தது. துண்டின் இரண்டு பக்கமும் வெற்று நாடாவைச் சேர்த்து இயந்திரத்தில் மாட்டினார்.

'டக்.'

அவ்வளவுதான். கண் சிமிட்டும் நேரம்கூட இல்லை.

"இன்னொரு தடவ."

'டக்.'

"என் கைதான்" என்றான் சின்னவன். "துணி சுத்தின கை. ஓரத்துல விழுது பாருங்க."

அக்காவுக்கு அந்த ஓரம் கேட்கவில்லை. அவனுக்குக் கேட்டது, அந்தக் காதை வைத்துக்கொண்டு.

பேக்கரி துண்டைப் பாட்டுக்குள் வைத்து, தற்காலிகமாக ஒட்டி, ஓட்டினார். கொதிகலன் ஏற ஆரம்பித்தது. சின்னவன் தொடையில் தட்டிக்கொண்டே வந்தான். கிட்டார் அலறியது. அஞ்சு, ஆறு, ஏழு. எட்டாவது தும்மும் எட்டாவது டக்கும் விழவேண்டிய இடத்தில் விழுந்து, அதன்பிறகு வெடித்தது. அவன் கை தொடையிலேயே நின்றது. ஐம்பத்து நாலு வயது மனிதன், பரீட்சையில் பாஸான பிள்ளை மாதிரி விசும்பி விசும்பி அழுதான். பேக்கரி ரீலைத் துடைக்கிற சாக்கில் திரும்பி நின்றுகொண்டார்.

"எனக்குக் கோவம் போகலக்கா" என்றான் சின்னவன், மூக்கைத் துடைத்துக்கொண்டு.

"போக வேணாம்" என்றாள் அக்கா.

அவன் போனை எடுத்தான். எண்ணைத் தேடவில்லை, மனப்பாடமாக அழுத்தி, எல்லோருக்கும் கேட்கும்படி மேஜையில் வைத்தான்.

"அண்ணா, நான்தான்."

"சின்னவனா? என்னடா? யாருக்கு என்ன ஆச்சு?"

"யாருக்கும் ஒண்ணும் ஆகல. ஒரு பாட்டு போடறேன், கேளு."

பேக்கரி ஓட்டினார். எட்டு முடிந்து வெடித்ததும் போனிலிருந்து ஒரு சீறல் வந்தது.

"யார்ரா இதுல கைய வெச்சது? ஆபீஸ் போறவன் மாதிரி ஒழுங்கா நடந்து போகுது! சப்புனு இல்ல? எங்கடா உன் ஏழரை? அதத் திருப்பி வெக்கச் சொல்லுடா அந்த ஆளை!"

சின்னவன் சிரிக்கவும் முடியாமல் அழவும் முடியாமல் மேஜையைப் பிடித்துக்கொண்டான்.

"அண்ணா, அன்னைக்கு நாம வாசிச்சதே இதுதான். நான் எட்டும் அடிச்சிருக்கேன். நீயும் எட்டும் வாசிச்சிருக்க."

"அப்ப ஏழரை?"

"ஒட்டும்போது அக்கா வெட்டினது."

போனில் பெரியவன் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காரும் சத்தம் கேட்டது.

"அவன் விழுந்தான், நாங்க பிடிச்சோம்னு ஊரு ஊராப் போய்ச் சொன்னேனேடா."

"சொன்ன."

"யாருமே விழலையாடா?"

"யாரும் விழலண்ணா."

"இன்னொரு தடவ போடு."

போட்டார்கள். இந்தத் தடவை பெரியவன் வாய்விட்டு எண்ணினான். கரகரத்த, வயதான குரல். ஒண்ணு, ரெண்டு, மூணு என்று பாட்டோடு ஏறி, ஏழு என்றபோது உடைந்து, எட்டு என்று சரியான இடத்தில் முடித்தது. பாட்டு வெடித்து அடங்கும் வரை காத்திருந்தான்.

"எட்டுதான்டா" என்றான். "எண்ணாதவன் நான்தான்."

பேக்கரி தொண்டையைக் கனைத்தார். அவருக்கு அவருடைய கவலை. நாடாவின் உயிர் இன்னும் சில வாரம்தான். "அப்ப புதுப் பதிப்புல எத வைக்கட்டும்? எட்டா, ஏழரையா?"

"ஏழரை" என்றான் சின்னவன். அதே நொடியில், அதே சொல்லைப் போனும் சொன்னது. வருடக்கணக்கில் பேசாத இரண்டு பேர், அரை தட்டு கூடப் பிசகாமல்.

பேக்கரி ஒட்டைப் பிரிக்கக் கத்தியை எடுத்தார். சின்னவன் அவர் கையைப் பிடித்து நிறுத்தினான். மேஜை ஓரத்தில் கிடந்த பிளேடை எடுத்து அக்காவிடம் நீட்டினான். அன்று முதல்தடவையாக அவள் முகத்தைப் பார்த்தான்.

"நீங்களே வெட்டுங்கக்கா. இந்தத் தடவ நாங்க முழிச்சிட்டுதான் இருக்கோம்."

அக்கா மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, பிளேடைக் கையில் வாங்கினாள்.